'எயின்ட்' எதன் சுருக்கம்? எங்கே பொருந்தும், எங்கே இடறும்?

கேள்வி இதுதான்: ஆங்கிலப் படங்களிலும் பாடல்களிலும் ஓயாமல் காதில் விழும் 'எயின்ட்' எந்தச் சொல்லின் சுருக்கம்? 'ஆம் நாட்' என்கிறார் ஒருவர், 'இஸ் நாட்' என்கிறார் இன்னொருவர், 'ஹேவ் நாட்' என்கிறது ஓர் அகராதி. எது சரி? நாமும் அதைப் பேசலாமா?

மூன்றும் சரி. இன்னும் இரண்டைச் சேர்த்துக்கொள்ளுங்கள். ஆம் நாட், இஸ் நாட், ஆர் நாட், ஹேவ் நாட், ஹேஸ் நாட் ஆகிய ஐந்தின் இடத்திலும் இந்த ஒரே சொல் நிற்கும். ஐ, யூ, ஹி, ஷி, தே என எது முன்னால் வந்தாலும் அதன் வடிவம் மாறாது. தமிழ் பேசுகிறவர்களுக்கு இந்தப் போக்கு பழகியதுதான். 'நான் டாக்டர் இல்லை', 'அவள் டாக்டர் இல்லை', 'அவர்கள் வரவில்லை' என்று எல்லா இடத்திலும் நமக்கு 'இல்லை' ஒன்றே போதும். அதனால் எயின்ட் வந்ததும் ஏதோ மறுக்கப்படுகிறது என்பது உடனே புரிந்துவிடும். எந்தக் காலம், எந்த வினை என்று பிரித்துப் பார்ப்பதில்தான் தடுமாற்றம் வரும்.

அதற்கு அடுத்து வரும் சொல்லைப் பார்க்க வேண்டும். எயின்டுக்குப் பின்னால் பெயர்ச்சொல், பெயரடை, இடத்தைக் குறிக்கும் சொல், 'இங்' என்று முடியும் வினை ஆகியவற்றில் ஒன்று வந்தால் அது ஆம், இஸ், ஆர் குடும்பம். 'ஐ எயின்ட் ரெடி' என்றால் நான் தயாராக இல்லை. 'ஹி எயின்ட் ஹியர்' என்றால் அவன் இங்கே இல்லை. 'தே எயின்ட் கமிங்' என்றால் அவர்கள் வரப்போவதில்லை. மாறாக, வினையின் மூன்றாம் வடிவம், அதாவது சீன், டன், பீன், ஹெர்ட் போன்றவை வந்தால் அது ஹேவ், ஹேஸ் குடும்பம். 'ஐ எயின்ட் சீன் ஹிம்' என்றால் நான் அவனைப் பார்க்கவில்லை. 'ஷி எயின்ட் பீன் ஹியர்' என்றால் அவள் இங்கே வந்ததில்லை. 'காட்' வந்தால் பெரும்பாலும் 'ஹேவ் நாட் காட்': 'ஐ எயின்ட் காட் டைம்' என்றால் எனக்கு நேரம் இல்லை. 'ஐ எயின்ட் காட் டு' என்று 'டு' ஒட்டிக்கொண்டால் பொருள் திரும்பிவிடும். எனக்கு அப்படிச் செய்யவேண்டிய அவசியம் இல்லை என்று அர்த்தம்.

சில சொற்கள் இரண்டு பக்கமும் போகும். 'ஹி எயின்ட் டன்' என்று நின்றுவிட்டால் அவன் இன்னும் முடிக்கவில்லை, முடித்த நிலையில் இல்லை என்று பொருள். இது 'இஸ் நாட்'. 'ஹி எயின்ட் டன் இட்' என்று செயப்படுபொருள் சேர்ந்தால் அவன் அதைச் செய்யவில்லை. இது 'ஹேஸ் நாட்'. 'ப்ரோக்' என்ற சொல்லிலும் கவனம் தேவை. 'இட் எயின்ட் ப்ரோக்' என்றால் அது பழுதாகவில்லை. இங்கே ப்ரோக் என்பது 'ப்ரோக்கன்' என்பதன் பேச்சு வடிவம். 'ஐ எயின்ட் ப்ரோக்' என்று ஒரு மனிதர் தன்னைப் பற்றிச் சொன்னால் கையில் காசில்லாதவன் அல்ல நான் என்று பொருள்.

இனி, ஆங்கிலம் கற்பவர்கள் அதிகம் இடறும் இடம். எயின்ட் பொதுவாக 'டோன்ட்', 'டசின்ட்' என்பவற்றின் இடத்தில் வராது. எனக்குப் பிடிக்காது என்று சொல்ல நினைத்து 'ஐ எயின்ட் லைக் இட்' என்பது பிழை. எயின்ட் பேசுகிறவர்களும் அந்த இடத்தில் 'ஐ டோன்ட் லைக் இட்' என்றுதான் சொல்வார்கள். அதேபோல் 'வில் நாட்', 'கேன் நாட்' இரண்டுக்கும் அது மாற்று ஆகாது. எதிர்காலம் வேண்டுமென்றால் 'கோயிங் டு' என்பதன் பேச்சு வடிவமான 'கோனா'வைச் சேர்க்க வேண்டும்: 'ஐ எயின்ட் கோனா கோ', நான் போகப்போவதில்லை. இன்னொரு பிழை, இருக்கும் துணைவினையை எடுக்காமலே எயின்டைச் செருகுவது. 'ஐ ஆம் எயின்ட்', 'ஹி இஸ் எயின்ட்' என்று யாரும் பேசுவதில்லை. ஆம், இஸ் ஏற்கெனவே எயின்டுக்குள் இருக்கின்றன. எயின்டுக்குள் 'நாட்'டும் இருப்பதால் 'எயின்ட் நாட்' என்றும் சேர்க்கக்கூடாது.

ஆனால் எயின்டுக்குப் பின் வினை எந்த ஒட்டும் இல்லாமல் மொட்டையாக வருவதை நீங்கள் கேட்டிருக்கலாம். 'ஐ எயின்ட் நோ', 'ஹி எயின்ட் சே தட்' போன்றவை. இது ஆப்பிரிக்க அமெரிக்க ஆங்கிலத்தின் இலக்கணம். அங்கே எயின்ட் 'டிட் நாட்' என்பதற்கும் நிற்கும். எனக்குத் தெரியாமல் போயிற்று, அவன் அதைச் சொல்லவில்லை என்று இறந்தகாலத்தில் பொருள் கொள்ள வேண்டும். இதை 'டோன்ட்' என்று படித்து, 'எனக்குத் தெரியாது' என நிகழ்காலத்தில் புரிந்துகொண்டால் கதையே மாறிப்போகும். 'கம்' போன்ற வினைகளுக்கு முதல் வடிவமும் மூன்றாம் வடிவமும் ஒன்றே என்பதால் 'தே எயின்ட் கம்' என்பதை ஹேவ் நாட் என்றும் டிட் நாட் என்றும் படிக்கலாம். பக்கத்தில் இருக்கும் காலச்சொல் உதவும்: 'எட்' இருந்தால் இன்னும் வரவில்லை, 'எஸ்டர்டே' இருந்தால் நேற்று வரவில்லை. இந்த வட்டார மொழியைச் சிலர் விதியே இல்லாத பேச்சு என்று நினைக்கிறார்கள். அது தவறு. உதாரணமாக, வழக்கமாக நடப்பதைக் குறிக்கும் 'பி' என்ற வடிவத்தை மறுக்க அங்கே 'டோன்ட் பி' என்பார்களே தவிர 'எயின்ட் பி' என்று சொல்ல மாட்டார்கள். எது வரும், எது வராது என்பதில் அம்மொழி பேசுகிறவர்களுக்குள் குழப்பமே இல்லை.

அடுத்தது இரட்டை மறுப்பு. 'ஐ எயின்ட் காட் நோ மனி' என்றால் என்னிடம் பணம் இல்லை. இரண்டு மறுப்பு சேர்ந்தால் உடன்பாடு ஆகிவிடும், ஆகவே 'பணம் இருக்கிறது' என்று பொருள் என வகுப்பில் படித்த கணக்கை இங்கே போடாதீர்கள். இந்தப் பேச்சில் மறுப்பு ஒன்றுதான்; அது வாக்கியம் முழுவதும் பரவி நிற்கிறது. 'ஐ எயின்ட் நெவர் டோல்ட் நோபடி நத்திங்' என்பதில் மறுப்புச் சொற்கள் நான்கு இருக்கின்றன, பொருள் ஒன்றே: நான் யாரிடமும் எதையும் சொன்னதே இல்லை. இடைக்கால ஆங்கிலத்தில் இப்படி அடுக்குவது சாதாரணம். 18ஆம் நூற்றாண்டில் இலக்கணம் எழுதியவர்கள்தான், அவர்களில் பிஷப் ராபர்ட் லோத் முக்கியமானவர், ஒரு மறுப்பை மற்றொரு மறுப்பு அழித்துவிடும் என்ற விதியைப் பள்ளிகளில் நிலைநிறுத்தினார்கள். எழுத்து ஆங்கிலம் அந்த விதியை ஏற்றுக்கொண்டது. பேச்சு வழக்குகள் பல ஏற்கவில்லை.

இதோடு ஒட்டியது, எயின்ட் வாக்கியத்தின் தலையில் வரும் அமைப்பு. 'எயின்ட் நோபடி ஹோம்' என்பதைக் கேள்வி என்று நினைத்துவிடுவோம். ஆனால் அது உறுதியான கூற்று: வீட்டில் யாருமே இல்லை. 'எயின்ட் நோ வே' என்றால் வாய்ப்பே இல்லை. எயின்டை அடுத்து நோபடி, நத்திங், நோ என்று மறுப்புச் சொல் வந்தால் பெரும்பாலும் கூற்று. யூ, ஹி, இட் என்று சாதாரண எழுவாய் வந்தால் கேள்வி. 'எயின்ட் யூ டயர்ட்?' என்றால் உனக்குக் களைப்பாக இல்லையா? 'ஒய் எயின்ட் ஹி ஹியர்?' என்றால் அவன் ஏன் இங்கே இல்லை? 'எயின்ட் பட்' என்ற சேர்க்கையும் உண்டு. அமெரிக்கத் தென்மாநிலப் பேச்சில் அதிகம். 'தேர் எயின்ட் பட் த்ரீ லெஃப்ட்' என்றால் மூன்றுதான் மிச்சம். அங்கே 'பட்' என்பது 'ஆனால்' அல்ல, 'தவிர'.

இந்தக் கேள்விகளுக்குப் பதில் சொல்வதில் தமிழர்கள் கவனமாக இருக்க வேண்டும். 'எயின்ட் யூ கமிங்?' என்று ஒருவர் கேட்கிறார். 'வரலையா?' என்று நாம் தமிழில் வாங்கிக்கொண்டு, 'ஆமா, வரலை' என்ற பழக்கத்தில் 'எஸ்' என்று சொல்லிவிடுவோம். கேட்டவர் நாம் வருகிறோம் என்று புரிந்துகொள்வார். ஆங்கிலத்தில் கேள்வியின் வடிவம் எதுவானாலும், நடப்பு இல்லை என்றால் பதில் 'நோ'. சந்தேகமாக இருந்தால் ஒற்றைச் சொல்லோடு நிறுத்தாமல் 'நோ, ஐ ஆம் நாட்' என்று முழுதாகச் சொல்லிவிடுவது பாதுகாப்பு.

உச்சரிப்பு 'பெயின்ட்' என்ற சொல்லோடு ஒத்தது. முன்னால் உள்ள 'ப' ஒலியை மட்டும் எடுத்துவிடுங்கள். வேகமான பேச்சில் கடைசி 'ட்' பெரும்பாலும் மறைந்துபோகும். 'எயின்ட் நோ' என்பது 'எயினோ' போலக் காதில் விழும், 'எயின்ட் இட்' என்பது 'எயினிட்' ஆகிவிடும். வாக்கியத்தில் இந்தச் சொல்லுக்கு அழுத்தம் கிடைக்கும், நீளமாகவே ஒலிக்கும். ஆம், இஸ் போன்றவை முன் சொல்லோடு ஒட்டி நசுங்குவது போல இது நசுங்காது. எழுதும்போது என், டி ஆகிய எழுத்துகளுக்கு நடுவே அபாஸ்ட்ரஃபி வரும். அரட்டைச் செய்திகளில் அதை விட்டுவிடுகிறார்கள், பொருள் மாறாது.

ஐந்து வேறு தொடர்கள் எப்படி ஒரே சொல்லில் வந்து விழுந்தன? 17ஆம் நூற்றாண்டில் 'நாட்' என்பதை முன் வினையோடு ஒட்டிப் பேசும் வழக்கம் ஆங்கிலத்தில் பெருகியது. டோன்ட், வோன்ட், ஷான்ட் எல்லாம் அந்தக் காலத்து வரவுகள். 'ஆம் நாட்' ஒட்டியபோது 'ஆம்ன்ட்' ஆயிற்று. எம், என் இரண்டு ஒலிகளும் அடுத்தடுத்து நிற்பது நாக்குக்குச் சங்கடம். எம் விழுந்து 'ஆன்ட்' மிஞ்சியது. அந்த நூற்றாண்டின் கடைசி ஆண்டுகளில் வந்த இங்கிலாந்து நாடகங்களில் இந்த வடிவம் அச்சில் கிடைக்கிறது. 'ஆர் நாட்' என்பதிலிருந்து 'ர்' ஒலி தேய்ந்தபோது அதுவும் அதே வடிவத்துக்கு வந்து சேர்ந்தது. 'ஹேவ் நாட்' தன் வழியில் 'ஹான்ட்' ஆகி, முன்னால் உள்ள 'ஹ' ஒலியையும் இழந்தது. உயிரொலி நீண்டு, 18ஆம் நூற்றாண்டில் 'எயின்ட்' என்ற எழுத்து வடிவம் நிலைபெற்றது. ஆக, இது யாரோ சோம்பலில் சிதைத்த சொல் அல்ல. தனித்தனியாக ஓடிய ஒலி மாற்றங்கள் ஓரிடத்தில் கூடியதன் விளைவு.

பிறகு ஏன் கெட்ட பெயர்? 'வோன்ட்' என்பதும் 'வில் நாட்' என்பதோடு ஒலியில் பொருந்தாததுதான். அதை யாரும் குறை சொல்வதில்லை. எனவே ஒழுங்கின்மை மட்டும் காரணமாக இருக்க முடியாது. பல வினைகளுக்குப் பொதுவாக நின்றதும், 19ஆம் நூற்றாண்டில் லண்டன் உழைக்கும் மக்களின் பேச்சோடு அது இணைத்துப் பார்க்கப்பட்டதும்தான் அதைப் பள்ளிக்கு வெளியே நிறுத்தின. வேடிக்கையல்ல, வரலாறு: அதே காலத்தில் இங்கிலாந்தின் மேல்தட்டுக் குடும்பங்களும் சகஜமாக எயின்ட் பேசிக்கொண்டிருந்தன. நடுத்தர வர்க்கமும் பள்ளி ஆசிரியர்களும்தான் அதை முனைந்து விலக்கினார்கள்.

விலக்கியதால் ஓர் ஓட்டை விழுந்தது. 'நான் தாமதம், இல்லையா?' என்று ஆங்கிலத்தில் கேட்க 'ஆம் நாட்' என்பதற்கு நல்ல சுருக்கம் இல்லாமல் போயிற்று. இன்று ஏற்கப்பட்ட வடிவம் 'ஆரின்ட் ஐ?'. 'ஐ ஆர்' என்று யாரும் சொல்வதில்லை என்றாலும் இதைச் சொல்கிறார்கள். ஸ்காட்லாந்திலும் அயர்லாந்திலும் 'ஆமின்ட் ஐ?' என்ற பழைய வடிவம் இன்றும் பேச்சில் இருக்கிறது. பிரிட்டிஷ் மொழிப்பயன்பாட்டு வல்லுநர் ஹென்றி ஃபௌலர் 1926இலேயே இதைக் கவனித்து எழுதினார்: 'இஸ் நாட்' என்பதற்கு எயின்ட் போடுவதை அவர் கண்டித்தார், 'ஆம் நாட்' என்பதற்கு அது இயல்பான, தேவையான சுருக்கம் என்று வருந்தவும் செய்தார். அவர் சொன்னது சரியென்றே படுகிறது.

1961இல் அமெரிக்காவில் வெப்ஸ்டர் பெரிய அகராதியின் மூன்றாம் பதிப்பு வந்தபோது இந்தச் சொல்லால் பத்திரிகைகளில் பெரும் சண்டை நடந்தது. அகராதி எயின்டுக்கு அனுமதி கொடுத்துவிட்டது என்று தலையங்கங்கள் கொதித்தன. உண்மையில் அந்தப் பதிவு, பலர் இதை ஏற்பதில்லை, குறைவாகப் படித்தவர்கள் பேச்சில் அதிகம் என்று சொல்லிவிட்டு, படித்தவர்களும் நாட்டின் பெரும்பகுதியில் வாய்ப்பேச்சில் பயன்படுத்துகிறார்கள் என்று சேர்த்திருந்தது. 'ஹேவ் நாட்' என்ற பொருளைத் தரக்குறைவானது என்றே குறித்திருந்தது. ஒரு சொல் வழக்கில் இருப்பதைப் பதிவது வேறு, அதைப் பரிந்துரைப்பது வேறு. ஆன்லைன் அகராதியில் எயின்டைப் பார்க்கிறவர்கள் பொருளோடு சேர்த்து அந்த வழக்குக் குறிப்பையும் படிக்க வேண்டும்.

இந்தச் சொல்லை வைத்து ஒரு மனிதரையே மாற்றி வரைந்துவிட முடியும் என்பதற்குச் சோஜர்னர் ட்ரூத் சான்று. அடிமையாகப் பிறந்து விடுதலை பெற்ற இவர், 1851இல் ஒஹாயோ மாநிலத்தின் ஆக்ரன் நகரில் நடந்த பெண்ணுரிமை மாநாட்டில் பேசினார். 'எயின்ட் ஐ அ வுமன்?', நான் ஒரு பெண் இல்லையா, என்ற வரியால்தான் அந்த உரை இன்று அறியப்படுகிறது. ஆனால் அதே ஆண்டு பத்திரிகையில் வந்த அறிக்கையில் அந்த வரி இல்லை. மாநாட்டுக்குத் தலைமை வகித்த ஃபிரான்சஸ் கேஜ் 1863இல் நினைவிலிருந்து எழுதி வெளியிட்ட வடிவத்தில்தான் அந்தக் கேள்வி முதலில் வருகிறது. அங்கேயும் 'ஆரின்ட் ஐ' என்றுதான் இருக்கிறது. எயின்ட் பின்னால் ஏறியது. ட்ரூத் நியூயார்க் மாநிலத்தில் பிறந்தவர், சிறுவயதில் அவர் பேசிய மொழி டச்சு. கேஜ் அவருடைய வாயில் வைத்ததோ தென்மாநில அடிமைகளின் பேச்சு என்று வாசகர்கள் எதிர்பார்த்த ஒரு நடை. உரையின் வலிமை அதனால் குறையவில்லை. ஆனாலும் கறுப்பினப் பெண் என்றால் இப்படித்தான் பேசியிருப்பார் என்ற ஊகம் அந்த ஒரு சொல்லுக்குள் புகுந்து உட்கார்ந்துவிட்டது.

இப்போது, நாம் பேசலாமா? காதுக்கு முழுதாகத் தெரிந்திருக்க வேண்டும், வாய்க்கு மிகக் குறைவாகப் போதும் என்பது என் கருத்து. ஆங்கிலம் தாய்மொழியானவர்களில் படித்தவர்களும் எயின்டைச் சொல்வதுண்டு. பெரும்பாலும் இரண்டு காரணங்களுக்காக. ஒன்று, உறைந்துபோன தொடர்கள். 'இஃப் இட் எயின்ட் ப்ரோக், டோன்ட் ஃபிக்ஸ் இட்', பழுதாகாததைப் பழுதுபார்க்காதே, என்ற தொடரை 1977இல் பரவலாக்கியவர் அதிபர் ஜிம்மி கார்ட்டரின் பட்ஜெட் அலுவலக இயக்குநர் பெர்ட் லான்ஸ். இன்று எந்த அலுவலகக் கூட்டத்திலும் அதை அப்படியே சொல்லலாம்; 'இஸின்ட் ப்ரோக்கன்' என்று திருத்தினால்தான் ஒட்டாமல் நிற்கும். இரண்டு, அழுத்தம். 1984 அமெரிக்க அதிபர் தேர்தலில் ரொனால்ட் ரீகன் 'யூ எயின்ட் சீன் நத்திங் எட்', நீங்கள் இன்னும் எதையுமே பார்க்கவில்லை, என்று சொன்னது இலக்கணம் தெரியாமல் அல்ல. இலக்கணம் தெரிந்தவர் என்று ஊருக்குத் தெரிந்த ஒருவர் வேண்டுமென்றே சொல்லும்போது அதில் நெருக்கமும் உறுதியும் ஏறுகின்றன.

அந்தச் சலுகை, ஆங்கிலத்தை இரண்டாம் மொழியாகப் பேசுகிறவருக்கு எளிதில் கிடைக்காது. மற்ற வாக்கியங்கள் எல்லாம் பாடப்புத்தக நடையில் இருக்க, நடுவில் 'ஐ எயின்ட் ஏபிள் டு அட்டெண்ட் த மீட்டிங், சார்' என்று வந்தால் கேட்கிறவர் அதை அழுத்தமாக எடுத்துக்கொள்ள மாட்டார். பிழை என்றோ பாவனை என்றோ நினைப்பார். நேர்முகத் தேர்வு, விண்ணப்பம், அலுவலக மின்னஞ்சல், தேர்வுத்தாள் எதிலும் வேண்டாம். அங்கே 'ஐ ஆம் நாட்', 'ஐ ஹேவின்ட்' இரண்டும் எந்த நேரத்திலும் காப்பாற்றும். நண்பர்களோடு பேசும்போதும், உறைந்த தொடர்களைத் தாண்டிப் போக வேண்டுமானால் சுற்றியிருப்பவர்கள் உங்களிடம் அப்படிப் பேசுகிறார்களா என்று முதலில் கவனியுங்கள். 'டிட் நாட்' பொருளில் வரும் எயின்டை மட்டும் கடன் வாங்காதீர்கள். அந்தச் சமூகத்தில் வளராதவர் வாயில் அது கேலி போல ஒலிக்கும். அதைவிட முக்கியம், எயின்ட் பேசும் ஒருவரைத் திருத்தப் போகாதீர்கள். அவருக்கு அது வீட்டு மொழி.

வசன வரி எழுதுகிறவர்களுக்கும் மொழிபெயர்ப்பவர்களுக்கும் ஒன்று. எயின்ட் வரும் இடத்தில் எல்லாம் தமிழில் கொச்சையைத் திணிக்கத் தேவையில்லை. சாதாரணப் பேச்சுத் தமிழின் 'இல்ல', 'வரல', 'பாக்கல' பெரும்பாலும் போதும். ஒரு பாத்திரம் எல்லோரோடும் எயின்ட் பேசினால் அது அவருடைய இயல்பு நடை. தமிழிலும் இயல்பாக விட்டுவிடுங்கள். வழக்கமாக அப்படிப் பேசாத ஒரு பாத்திரம் ஒரே ஒரு காட்சியில், கோபத்திலோ உரிமையிலோ எயின்டுக்குத் தாவினால், அந்தத் தாவலைத்தான் பிடிக்க வேண்டும்: 'இல்லை' என்று பேசிக்கொண்டிருந்தவரை அந்த வரியில் மட்டும் 'கிடையவே கிடையாது' என்று சொல்லவையுங்கள். எயின்ட் நோ, எயின்ட் நத்திங் என்று மறுப்புகள் அடுக்கி வந்தால் 'யாருமே', 'எதுவுமே', 'ஒண்ணுமே' என்ற ஏகாரமே அந்த அடுக்கைத் தாங்கும்.